திரைப்பட உரையாடலும் இளங்கோவன் நடையும்

தமிழ்த் திரைப்பட உரையாடலின் வளர்ச்சியை எழுதப் புகுவோர் பலர், 'வேலைக்காரி' (1949), 'பராசக்தி' (1952) ஆகிய படங்களிலிருந்தே தொடங்குவர். அவற்றிற்குப் பன்னிரண்டு ஆண்டுகள் முன்னரே அத்துறைக்கு இலக்கிய நடையை வகுத்தளித்தவர் இளங்கோவன் என்பதே ஈண்டு யாம் கூற விழைவது.

தணிகாசலம் என்பது அவர்தம் இயற்பெயர். 'மணிக்கொடி' எழுத்தாளருள் ஒருவராயிருந்து திரைத்துறை புகுந்தவர். 1931இல் வெளிவந்த 'காளிதாஸ்' என்னும் முதற் பேசும் படத்தில் தமிழும் தெலுங்கும் விரவி வந்தன. பின்வந்த படங்கள் பல மேடை நாடகத்தின் வடசொல் மிகுந்த வசனத்தையே எடுத்தாண்டன. பாட்டு தலைமை பெற, பேச்சு அதற்கு இடைநிரப்பாய் நின்றது. 'அம்பிகாபதி' (1937) இந்நிலையை மாற்றியது. அதன் இயக்குநர் எல்லிஸ் ஆர். டங்கன் அமெரிக்கர், தமிழறியாதவர். ஆதலின் சொல்லின் பொறுப்பு முழுதும் எழுதுவோர்பாலதாயிற்று.

'கண்ணகி' (1942) அவர் ஆற்றலுக்கு உரைகல். வழக்குரை காதையின் அகவலை அவ்வாறே ஓதினால் கேட்போர்க்கு விளங்காது. தெருப்பேச்சாக்கினால் கண்ணகியின் பெருமிதம் நில்லாது. எழுத்து வழக்குத் தொடர்களை மூச்சுக்கேற்ப நறுக்கி, அடுக்கி, இரண்டிற்கும் நடுவே ஒரு நடையை அவர் கண்டார். அதனைப் பேசியவரோ தெலுங்கைத் தாய்மொழியாகக் கொண்ட கண்ணாம்பா. இது வியப்பன்று. தமிழும் தெலுங்கும் கன்னடமும் ஒருங்கே வழங்கும் ஜவளகிரி போன்ற எல்லைப்புற ஊர்களில், வீட்டுமொழி வேறாயினும் செந்தமிழ்த் தொடரைச் செவிவழிப் பயின்று திருத்தமுறச் சொல்வாரை யாம் காண்கின்றோம். ஓசை ஒழுங்குடைய தொடர், பொருள் முற்றும் விளங்காமுன்னரே நாவில் படிந்துவிடுகின்றது. நூல் வாசனை இல்லாத மக்களிடமும் அவ்வுரையாடல் பரவியதற்கு இதுவே காரணம் என்பது எம் கருத்து.

அந்நடைக்குக் குறையும் உண்டு. எல்லாப் பாத்திரமும் ஒரே குரலில் பேசும். ஏவலாளும் புலவன்போல் மொழிவான். கண்ணகி பெற்ற வெற்றியை 'மகாமாயா' (1944) பெறவில்லை. அவ்வாண்டே வெளிவந்து, சென்னை பிராட்வே அரங்கில் மூன்று தீபாவளிகளைக் கண்ட 'ஹரிதாஸ்' படத்திற்கும் அவரே எழுதினார். ஆயினும் புகழெல்லாம் பாகவதர் பாட்டிற்கே போயிற்று.

மு. கருணாநிதி உரையாடல் எழுதிய 'மந்திரி குமாரி' (1950) படத்தை இயக்கியவரும் அதே டங்கனே. தமிழறியாத ஒருவர் கையில் உருவான இவ்விரு படங்களின் உரையாடலையும் தொடர் தொடராக ஒப்புநோக்கினால், எது இளங்கோவன் வைத்த முதல், எது பின்னோர் ஈட்டிய வட்டி என்பது புலனாகும். முதுகலை மாணவர் மேற்கொள்ளத்தக்க ஆய்வு இது.