புலுனிகளின் காவல்

தேத்தண்ணியைக் குடித்துக்கொண்டே அந்த மாமரத்தடியைப் பாருங்கள். ஏழெட்டுப் புலுனிகள் ஓயாமல் கீச்சிட்டபடி சருகைப் புரட்டுகின்றன. கொஞ்சம் மேலே, கொப்பில், ஒன்று தனியே இருக்கிறது. கீழே பூச்சி கிடக்க அது தின்னவில்லை. கழுத்தைத் திருப்பித் திருப்பி வானத்தையும் மதிலையும் பார்க்கிறது. அதுதான் காவல்.

புலுனியின் குடும்பம் தாய் தகப்பனோடு முடிவதில்லை. ஒரு கூட்டில் குஞ்சு பொரித்தால் மற்றவையும் இரை கொண்டுவரும். முட்டை நல்ல நீலம். சுடலைக்குயில் தன் நீல முட்டையையும் அதற்குள் இட்டுவிட்டுப் போகும். அந்தப் பிள்ளையையும் கூட்டமே வளர்த்துவிடும். மத்தியானத்தில் ஒன்றின் இறகை மற்றது கோதும். பாம்பைக் கண்டால் எல்லாம் சேர்ந்து கத்தும். இரவில் ஒட்டி உட்கார்ந்து உறங்கும்போதும் ஓரத்துப் பறவைகள் சில எதிர்ப்பக்கம் முகம் வைத்திருக்கும்.

அமெரிக்கப் புல்வெளிகளில் வளை தோண்டி வாழும் பிரெய்ரி நாய்களும் இப்படித்தான் ஒன்றையொன்று எச்சரிக்கும். பருந்துக்கு ஒரு குரல், ஓநாய் இனத்து விலங்குக்கு வேறொரு குரல். ஆனால் அதைவிட வியப்பானது நம் சிங்கராஜா வனத்தில் இருக்கிறது. அங்கே புலுனியின் உறவான செம்மஞ்சள் அலகுச் சிலம்பன்கள் வேறு இனங்களோடு கலந்து இரை தேடும். ஒரு கூட்டத்தில் சராசரியாக 11 இனங்கள், 40 பறவை அளவில். கொழும்புப் பல்கலைக்கழகப் பேராசிரியர் சரத் கொட்டகமவும் ஆய்வாளர் ஈபன் குடேலும் பல வருடம் அவற்றின் பின்னால் நடந்து குரல்களைப் பதிவு செய்தார்கள். 2005இல் வெளியான அவர்களின் ஆய்வின்படி, எச்சரிக்கை பெரும்பாலும் சிலம்பனிடமிருந்தும் துடுப்புவால் கரிச்சானிடமிருந்தும்தான் வருகிறது. கரிச்சான் கத்தினால் கூடுதலாக நம்பலாம். அதன் கெட்டித்தனம் அதோடு நிற்கவில்லை: மற்றப் பறவைகளின் குரலை அப்படியே எடுத்துப் பேசும், ஆபத்து நேரத்தில் அவற்றின் எச்சரிக்கைக் குரலையே போடும். அந்நியனின் குரலைக் கேட்டு உயிர் தப்புவது இந்தக் காட்டில் அன்றாட வாழ்க்கை. எனக்கு அது பெரிய விஷயம்.

இங்கே கொழும்பிலோ, வெள்ளவத்தையிலும் கொட்டாஞ்சேனையிலும் மாடிக் குடியிருப்புகள் எழும்ப எழும்ப வளவுகள் சுருங்குகின்றன. புலுனி நெடுந்தூரம் பறக்கும் பறவையல்ல. மரமும் மரத்தடிச் சருகும் அடுத்தடுத்து வேண்டும். முற்றம் கூட்டும்போது மதிலோரச் சருகையாவது அள்ளாமல் விடுங்கள்.