வேலை கசக்கிறதா, வேலையைச் சுற்றியுள்ளது கசக்கிறதா?

கொச்சியை ஒட்டிய வைப்பின் தீவிலிருந்து எறணாகுளத்துத் துணிக்கடைக்குப் போய்வரும் ஒரு பெண் ‘இந்த வேலையே வேண்டாம்’ என்று முடிவெடுக்கும் முன், அவரிடம் ஒன்று கேட்க வேண்டும். வெறுப்பு எத்தனை மணிக்குத் தொடங்குகிறது?

காலையில் பஸ்ஸிலேயே என்றால், கடையைக் குறை சொல்லிப் பயனில்லை. 2004இல் கோஸ்ரீ பாலங்கள் தீவை நகரத்தோடு இணைத்தன. அதன் பிறகும் பல ஆண்டுகள் வைப்பின் தனியார் பஸ்களுக்கு நகருக்குள் நுழைய அனுமதியில்லை. ஹைகோர்ட் ஜங்ஷனில் இறங்கி இன்னொரு பஸ், இன்னொரு டிக்கெட், கடை மூடியபின் இருட்டில் இன்னொரு காத்திருப்பு. 2023 ஏப்ரலில் ஹைகோர்ட்டுக்கும் வைப்பினுக்கும் இடையே வாட்டர் மெட்ரோ படகு வந்தது. படகுத்துறைக்குப் பக்கத்தில் இருப்பவருக்கு, அதே வேலையிலும் அதே சம்பளத்திலும் நாளின் பாரம் குறையும்.

மத்தியானத்துக்கு மேல் கால் கடுக்கும்போது என்றால், அது வேறு கதை. கேரளத் துணிக்கடைகளில் விற்பனைப் பெண்கள் ஆள் வராத நேரத்திலும் நின்றுகொண்டே இருக்க வேண்டியிருந்தது. கழிப்பறைக்குப் போக வழியில்லாததால் தண்ணீர் குடிக்காமலே இருந்தவர்கள் உண்டு. கோழிக்கோட்டில் பி. விஜியின் ‘பெண்கூட்டு’ அமைப்பு இதைத் தெருவுக்குக் கொண்டுவந்தது. புடவை விற்பதில் அந்தப் பெண்களுக்கு மனக்குறை இல்லை. உட்கார ஓர் இடம் கேட்டார்கள். தனியாகக் கேட்டிருந்தால் சீட்டைக் கிழித்திருப்பார்கள், சேர்ந்து கேட்டார்கள். 2018இல் கேரளம் உட்கார இடம் தரச் சொல்லிச் சட்டத்தைத் திருத்தியது, 2021இல் தமிழ்நாடும். நம் ஊர்க் கடைகளில் ஸ்டூல் வந்துவிட்டதா என்று அடுத்த முறை கவனித்துப் பாருங்கள்.

வைப்பினுக்கு எதிர்க்கரையில், மட்டாஞ்சேரியில், முன்பு இதைவிடக் கொடிய வழக்கம் ஒன்று இருந்தது. துறைமுகத்தில் கங்காணிகள் ‘சாப்பா’ என்னும் வில்லைகளைக் கூட்டத்துக்குள் வீசுவார்கள். முட்டி மோதிப் பொறுக்கியவருக்கு மட்டும் அன்று வேலை. மூட்டை சுமக்கத் தயங்காத அந்த மனிதர்களுக்கு, வீசியதைப் பொறுக்குவதுதான் தாங்கவில்லை. அதை எதிர்த்துப் போராடினார்கள், 1953 செப்டம்பரில் போலீஸ் சுட்டதில் உயிரும் கொடுத்தார்கள்.

ஆகவே இரண்டு வாரம் ஒரு நோட்டில் குறித்து வாருங்கள்: எந்த நேரம், எந்த இடம், யார் பேச்சு. எல்லாப் பக்கத்திலும் வேலையே உறுத்துகிறதென்றால் தாராளமாக விடலாம், அதில் குற்றவுணர்ச்சி வேண்டாம். அடுத்த இடத்தில் சம்பளம் பேசும்போது, எத்தனை மணிக்கு விடுவார்கள், அப்போது பஸ் இருக்குமா, உட்கார இடம் உண்டா என்பதையும் சேர்த்துக் கேட்டுவிடுங்கள்.