வங்கி ஏலமும் வணிகரின் உரிமையும்



கடைக்கு சி.சி. கடன் வாங்க வீட்டுப் பத்திரத்தை அடமானம் வைப்பது நம்மிடையே சகஜம். கோவை மளிகை மொத்தக் கடையானாலும், ஈரோட்டு மஞ்சள் மண்டியானாலும் இதுவே வழக்கம். வெளியே நிற்கும் பாக்கி வசூலாகாமல் தவணையும் வட்டியும் 90 நாளுக்கு மேல் நிலுவையானால், வங்கியார் கணக்கை வாராக்கடனில் சேர்த்து விடுகிறார்கள். பிறகு வழக்குப் போடாமலே சொத்தை ஏலம் விட 2002-ஆம் ஆண்டின் சர்ஃபேசி சட்டம் அவர்களுக்கு அதிகாரம் தருகிறது. அதே சட்டத்தில் நமக்கும் வழி உண்டு. ஆனால் நாள் தவறினால் அந்த வழி அடைபட்டு விடும்.

முதலில் 60 நாள் நோட்டீஸ் வரும். பயந்து போய் தபாலை வாங்காமல் திருப்பி அனுப்பாதீர்கள். வரவு வைக்காத தொகை, கூடுதலாக ஏற்றிய வட்டி என்று எது இருந்தாலும் ஆட்சேபணையை எழுத்தில் கொடுங்கள். அதை ஏற்காவிட்டால் 15 நாளுக்குள் காரணத்துடன் வங்கி பதில் தர வேண்டும். இந்த நோட்டீசை மட்டும் எதிர்த்து மனுப் போட முடியாது என்றாலும், பின்னால் இக்கடிதம் நமக்குக் கை கொடுக்கும்.

கெடு முடிந்ததும் வங்கி சொத்தைச் சுவாதீனம் எடுக்கும். கதவில் நோட்டீஸ் ஒட்டிச் செல்வதும் சுவாதீனமே. அன்றிலிருந்து 45 நாளுக்குள், 17-ஆவது பிரிவின்படி கடன் வசூல் தீர்ப்பாயத்தில் மனுச் செய்ய வேண்டும். கோவையிலேயே இத்தீர்ப்பாயம் உள்ளது. கடனாளி மட்டுமின்றி ஜாமீன்தாரரும், அந்தக் கட்டிடத்தில் வாடகைக்குக் கடை நடத்துபவரும் மனுச் செய்யலாம். 75 சதவீதம் கட்டினால்தான் மனு என்றிருந்த நிபந்தனையை, மார்டியா கெமிக்கல்ஸ் வழக்கில் 2004-இல் உச்ச நீதிமன்றம் ரத்து செய்து விட்டது. ஆனால் மனுப் போட்டதாலேயே ஏலம் நிற்காது. தடையுத்தரவு கேட்டுப் பெற வேண்டும். அதற்கு ஒரு பகுதித் தொகையைக் கட்டும்படி தீர்ப்பாயம் சொல்லக்கூடும்.

ஏல நோட்டீஸ் வந்தால் மூன்று விஷயங்களைப் பாருங்கள்:

1. முதல் ஏலத்துக்கு 30 நாள் அவகாசம் தந்தார்களா? (ஏலம் போகாமல் மறுபடி விட்டால் 15 நாள் போதும்.)

2. அங்கீகாரம் பெற்ற மதிப்பீட்டாளரைக் கொண்டு மதிப்பிட்டுத்தான் குறைந்தபட்ச விலையை வைத்தார்களா?

3. அது விவசாய நிலமா? உண்மையில் விவசாயம் நடக்கும் நிலத்துக்கு இச்சட்டம் பொருந்தாது.

எல்லாவற்றிலும் முக்கியமான ஒன்று. முன்பு ஏலம் முடியும் வரைகூட முழுப் பாக்கியையும் கட்டிச் சொத்தை மீட்க முடிந்தது. 2016-இல் சட்டம் திருத்தப்பட்டது. ஏல அறிவிப்பு வெளியானதும் மீட்கும் உரிமை போய் விடுகிறது என்று பாஃப்னா மோட்டார்ஸ் வழக்கில் 2023-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஆகவே பத்திரிகையில் விளம்பரம் வந்த பின் பணம் திரட்ட அலைவதை விட, 60 நாள் நோட்டீஸ் வந்த அன்றே கணக்கு நகலுடன் வக்கீலைப் பாருங்கள். வங்கியாரிடமும் நேரில் பேசுங்கள்.

தீர்ப்பாயத்தில் தோற்றால் 30 நாளில் மேல்முறையீடு உண்டு. ஆனால் அதற்குக் கடனாளி பாக்கியில் 50 சதவீதம் கட்ட வேண்டும். 25 சதவீதத்துக்குக் கீழே குறைக்க முடியாது. வியாபாரத்தில் முடங்கியவருக்கு இது பெருந்தொகை. முதல் மனுவையே பலமாகப் போடுவதுதான் புத்திசாலித்தனம்.