ஆற்றில் விட்ட 500 கட்டைகள்!

மழை நாளில் தெருவில் ஓடும் தண்ணீரில் காகிதக் கப்பல் விட்டிருப்பீர்கள்தானே, குட்டீஸ்? உங்கள் வீட்டு வாசலில் விட்ட கப்பல், அடுத்த தெருவில் இருக்கும் நண்பன் வீட்டு வாசலில் போய் நின்றால் என்ன அர்த்தம்? இரண்டு தெருவிலும் ஓடுவது ஒரே தண்ணீர்!

இதே வேலையை ஒருவர் இமயமலையில் செய்து பார்த்தார். காகிதக் கப்பலுக்குப் பதில் மரக்கட்டைகள். தெருத் தண்ணீருக்குப் பதில், உலகின் மிக ஆழமான பள்ளத்தாக்குகளில் ஒன்றில் சீறிப் பாயும் ஆறு. அதற்காக அவர் செலவழித்தது நான்கு ஆண்டுகள். அதில் பெரும்பகுதி, அடிமையாக!

அவர் பெயர் கிந்துப். சிக்கிமைச் சேர்ந்தவர். எழுதப் படிக்கத் தெரியாதவர்.

உங்கள் பள்ளி அட்லஸை எடுத்துப் பிரம்மபுத்திராவைத் தேடுங்கள். திபெத்தில் மேற்கிலிருந்து கிழக்கே நேராகப் போகும். திடீரென்று கொண்டை ஊசி போல வளைந்து தெற்கே இறங்கும். பிறகு அசாமுக்குள் நுழையும். இன்றைக்கு இதைப் பார்க்க ஒரு நிமிடம் போதும். ஆனால், 1880-ல் இந்த வளைவு இருந்த இடம் வரைபடத்தில் காலியாக இருந்தது. திபெத்தில் ஓடும் ஆற்றின் பெயர் சாங்போ. அது மலைகளுக்கு நடுவே புகுந்து மறைந்துவிடுகிறது. அந்தப் பக்கம் அசாமில் பிரம்மபுத்திரா ஓடுகிறது. இரண்டும் ஒன்றுதானா? 'இல்லை, சாங்போ பர்மாவுக்குப் போய் ஐராவதி ஆறாகிறது' என்று வாதாடியவர்களும் இருந்தார்கள்.

இன்னொரு புதிரும் உண்டு. வளைவுக்கு முன்னால் சாங்போ ஓடுவது கடல்மட்டத்திலிருந்து சுமார் 3,000 மீட்டர் உயரத்தில். அசாம் எல்லையில் பிரம்மபுத்திராவின் உயரமோ சுமார் 150 மீட்டர்தான். இரண்டும் ஒரே ஆறு என்றால், அவ்வளவு உயரத்திலிருந்து எப்படி இறங்குகிறது? நடுவில் நயாகராவைவிடப் பெரிய அருவி ஏதும் ஒளிந்திருக்கிறதோ?

போய்ப் பார்த்துவிடலாமே என்கிறீர்களா? முடியாது. வெள்ளைக்காரர்களுக்குத் திபெத்தின் கதவு மூடியிருந்தது. வியாபாரிகளும் யாத்திரை போகிறவர்களும்தான் உள்ளே போகலாம். எனவே, பிரிட்டிஷ் நில அளவைத் துறை ஒரு தந்திரம் செய்தது. மலைவாழ் இந்தியர்களுக்குப் பயிற்சி கொடுத்து, யாத்ரீகர் வேடத்தில் அனுப்பியது. (இந்தியாவை முக்கோணம் முக்கோணமாக அளந்த பெரிய வேலை 1802-ல் தொடங்கியது எங்கே தெரியுமா? நம் சென்னை பரங்கிமலைக்குப் பக்கத்தில்தான்!)

இந்த ரகசிய அளவையாளர்களில் புகழ் பெற்றவர் நைன் சிங் ராவத். குமாவுன் மலைப்பகுதியில் பள்ளி ஆசிரியராக இருந்தவர். அவர் கையில் ஒரு ஜெபமாலை. வழக்கமாக 108 மணிகள் இருக்கும். இவருடையதில் 100 தான்! 100 எட்டு நடந்தால் ஒரு மணி தள்ளுவார். மாலை ஒரு சுற்று வந்தால் 10,000 எட்டு. சுற்றிக்கொண்டே ஜெபிக்கும் உருளைக்குள் மந்திரத்துக்குப் பதில் அளவுக் குறிப்புகள். கைத்தடிக்குள் தெர்மாமீட்டர். பாதரசம் சோழிக்குள்! பார்க்கிறவர்களுக்கு, 'அடடா, எவ்வளவு பக்தி!' என்று தோன்றும். 1866 ஜனவரியில் அவர் திபெத்தின் தலைநகர் லாசாவை அடைந்தார். பிறகு 1877-ல் லண்டன் ராயல் புவியியல் சங்கம் அவருக்குத் தங்கப்பதக்கம் கொடுத்தது. 2004-ல் நம் அரசு தபால்தலை வெளியிட்டது.

கிந்துப்புக்கு இந்தப் பயிற்சி எதுவும் கிடையாது. ஏனென்றால் அவர் போனது உதவியாளாக. 1880-ல் கேப்டன் ஹார்மன் என்ற அதிகாரி, ஒரு சீன லாமாவைத் திபெத்துக்கு அனுப்பினார். துணைக்கு கிந்துப். திட்டம் எளிமையானது. சாங்போவின் கரையோரமாக எவ்வளவு தூரம் முடியுமோ அவ்வளவு தூரம் போக வேண்டும். அதற்கு மேல் போக முடியாவிட்டால், அடையாளம் வைத்த 500 கட்டைகளை ஆற்றில் விட வேண்டும். அசாமில் ஆட்கள் காத்திருப்பார்கள். கட்டை வந்தால் விடை தெரிந்துவிடும்!

ஆனால் அந்த லாமா சரியான ஆள் இல்லை. வழியில் ஓர் ஊரில் நான்கு மாதம் தங்கிவிட்டார். பணத்தையும் கரைத்தார். எப்படியோ இருவரும் பெமகோசுங் என்ற இடம் வரை போனார்கள். அதற்கு மேல் செங்குத்துப் பாறைகள், பாதையே இல்லை. திரும்பி வரும்போது ஓர் ஊர் அதிகாரியின் கோட்டையில் கிந்துப்பை விட்டுவிட்டு, 'இதோ வருகிறேன்' என்று லாமா கிளம்பினார். வரவே இல்லை. பிறகுதான் கிந்துப்புக்கு விஷயம் தெரிந்தது. லாமா அவரை அடிமையாக விற்றுவிட்டார். விலை, ஒரு குதிரை!

பல மாதங்கள் அங்கே வேலை செய்த கிந்துப், 1882 மார்ச்சில் தப்பி ஓடினார். நீங்களாக இருந்தால் எந்தப் பக்கம் ஓடுவீர்கள்? வீட்டைப் பார்த்துத்தானே! கிந்துப்போ ஆற்றைப் பார்த்து ஓடினார். வேலை பாக்கி இருக்கிறதே!

துரத்தி வந்தவர்கள் மார்புங் என்ற இடத்தில் நெருங்கிவிட்டார்கள். அங்கிருந்த மடத்தின் தலைமை லாமாவின் காலில் விழுந்தார் கிந்துப். நல்லவரான அவர் 50 ரூபாய் கொடுத்து கிந்துப்பை வாங்கிக்கொண்டார். இப்போது கிந்துப் மடத்துக்கு அடிமை. சில மாதங்கள் கழித்து, 'யாத்திரை போய் வருகிறேன்' என்று விடுப்பு கேட்டார். போன இடம் காடு. ஒவ்வொன்றும் ஓர் அடி நீளத்தில் 500 கட்டைகள் வெட்டி, ஒரு குகையில் ஒளித்து வைத்தார். பிறகு நல்ல பிள்ளையாக மடத்துக்குத் திரும்பி வந்துவிட்டார்!

ஏன் அப்போதே ஆற்றில் விடவில்லை? எந்த நாளில் கட்டை வரும் என்று அசாமில் இருப்பவர்களுக்குத் தெரிய வேண்டாமா? செய்தி அனுப்ப வேண்டும். எனவே மறுபடி ஒரு 'யாத்திரை'. இந்த முறை லாசா வரை நடந்தார். அங்கே ஒரு சிக்கிம்காரரைப் பிடித்துக் கடிதம் எழுத வைத்தார். 'பத்தாவது மாதம் ஐந்தாம் தேதியிலிருந்து தினமும் 50 கட்டைகள் விடுவேன்' என்று ஹார்மனுக்குச் செய்தி. கடிதத்தை டார்ஜிலிங்குக்குக் கொடுத்தனுப்பிவிட்டு மீண்டும் மடத்துக்கே வந்தார். இன்னும் ஒன்பது மாதம் உழைத்தார். அவருடைய பக்தியை மெச்சிய தலைமை லாமா, 'இனி நீ சுதந்திர மனிதன்' என்று சொல்லிவிட்டார்.

குறித்த நாள் வந்தது. கிந்துப் குகைக்குப் போனார். தினமும் 50 கட்டைகள். பத்து நாட்கள். கணக்கு 500.

கீழே யாரும் பார்க்கவில்லை.

ஹார்மன் உடல்நலம் கெட்டு இந்தியாவைவிட்டே போய்விட்டார். பிறகு இறந்தும் போனார். கிந்துப்பின் கடிதம் சேர வேண்டியவர் கையில் சேரவே இல்லை. 500 கட்டைகளும் பிரம்மபுத்திராவில் மிதந்து போயின, யார் கண்ணிலும் படாமல்.

இது தெரியாத கிந்துப், ஆற்றோரமாகவே அசாமுக்கு இறங்கப் பார்த்தார். முடியவில்லை. லாசா வழியாகச் சுற்றி, 1884-ல் வீடு திரும்பினார். அவர் இல்லாத நேரத்தில் அவருடைய அம்மா இறந்துபோயிருந்தார்.

கிந்துப் பார்த்ததையெல்லாம் நினைவிலிருந்தே சொன்னார். ஒருவர் கேட்டு எழுதினார், இன்னொருவர் மொழிபெயர்த்தார். அந்த அறிக்கையில், சாங்போவில் 150 அடி உயர அருவி இருப்பதாக வந்துவிட்டது. படிப்பறிவில்லாதவர் சொன்னது என்று பலரும் நம்பவில்லை. கிந்துப் டார்ஜிலிங்கில் துணி தைத்துப் பிழைத்தார். எல்லோரும் அவரை மறந்தார்கள்.

சுமார் முப்பது ஆண்டுகள் போயின. 1913-ல் பெய்லி, மோர்ஸ்ஹெட் என்ற இரண்டு பிரிட்டிஷ் அதிகாரிகள் அதே பள்ளத்தாக்குக்கு நடந்தே போனார்கள். கிந்துப் சொன்ன ஊர்கள் சொன்ன இடத்தில் இருந்தன. பாதைகள் இருந்தன. மடங்களும் இருந்தன. அருவி மட்டும் சிறியது, சுமார் 30 அடிதான். 150 அடி அருவி வேறொரு சிற்றோடையில் இருந்தது! கிந்துப் இரண்டையும் தனித்தனியாகத்தான் சொல்லியிருக்கிறார். எழுதியவர்கள்தான் ஒன்றாகக் குழப்பிவிட்டார்கள்.

பெய்லி திரும்பி வந்ததும் கிந்துப்பைத் தேடிக் கண்டுபிடித்தார். வயதாகியும் அவருக்கு எல்லாம் நினைவிருந்தது. இவருக்கு மாதா மாதம் ஓய்வூதியம் கொடுங்கள் என்று அரசிடம் கேட்டார் பெய்லி. அரசு மறுத்து, ஒரே தடவையாக 1,000 ரூபாய் கொடுத்தது. பணம் வந்த சில மாதங்களில் கிந்துப் இறந்துவிட்டார்.