இருபது ஆண்டுக் கணக்கு

நுழையும்முன்

வீட்டுக்கடன் வாங்கச் செல்வோர் பெரும்பாலும் கேட்கும் கேள்வி, 'மாதம் எவ்வளவு கட்ட வேண்டும்?' என்பதே. அதற்குக் கிடைக்கும் விடை பொய்யன்று. ஆயினும் அது வீட்டின் விலையைச் சொல்வதில்லை. மாதத் தவணை என்னும் சிறிய எண்ணுக்குப் பின்னால் நிற்கும் பெரிய எண்ணைக் காணப் பத்தாம் வகுப்பில் கற்ற கணக்கே போதுமானது. அதனைப் பின்னலாடைத் தொழிலாளர் வாழும் ஓர் ஊரிலிருந்து தொடங்கிப் பார்ப்போம்.

அருள்புரத்தில் ஒரு வீடு

திருப்பூரிலிருந்து பல்லடம் செல்லும் சாலையில் உள்ளது அருள்புரம். பின்னலாடை நிறுவனங்களும் அவற்றைச் சார்ந்த தொழிற்கூடங்களும் நிறைந்த பகுதி. வேலை தேடித் தென்மாவட்டங்களிலிருந்தும் வடமாநிலங்களிலிருந்தும் வந்தவர்கள் இங்கே லைன் வீடுகளில் குடியிருக்கின்றனர். ஒரே கூரையின்கீழ் வரிசையாக அமைந்த சிறு அறைகள்; பலருக்கும் பொதுவான குளியலறை; குழாயில் தண்ணீர் வரும் நாளை ஒட்டி அமையும் அன்றாட வேலைகள். இத்தகைய வாழ்க்கையில், 'நமக்கென்று இரண்டு செண்டு நிலம், அதில் ஒரு வீடு' என்னும் ஆசை எழுவது இயல்பே. அந்த ஆசையைக் குறை கூறுவது இப்பாடத்தின் நோக்கமன்று.

கணக்குக்காக ஒரு குடும்பத்தை எண்ணிக்கொள்வோம். கணவர் கட்டிங் பிரிவில் பணியாற்றுகிறார்; மனைவி தையல் பிரிவில் பணியாற்றுகிறார். சேமிப்பும் நகையும் போக, அவர்களுக்கு 20 இலட்சம் ரூபாய் குறைகிறது. ஆண்டுக்கு 9 விழுக்காடு வட்டியில், 20 ஆண்டுகளுக்கு ஒரு வங்கி அத்தொகையைக் கடனாகத் தருகிறது. மாதத் தவணை 17,995 ரூபாய். இருவர் கூலியும் சேர்ந்தால் கட்டிவிடலாம் என்று அவர்கள் கையெழுத்திடுகின்றனர்.

இப்போது 17,995ஐ 240 மாதங்களால் பெருக்குக. ஏறத்தாழ 43 இலட்சத்து 19 ஆயிரம் ரூபாய் வரும். வாங்கிய கடன் 20 இலட்சம். வட்டி மட்டும் 23 இலட்சத்துக்கும் மேல். கையெழுத்திட்ட நாளில் இந்த எண்ணை எவரும் அவர்களிடம் மறைக்கவில்லை. ஆனால் அவர்கள் அதைக் கேட்கவுமில்லை.

தவணைக்குள் நடப்பது

ஒவ்வொரு தவணையும் இரு கூறுகளாகப் பிரிகிறது. அம்மாதத்துக்குரிய வட்டி முதலில் கழிக்கப்படும். எஞ்சுவதே அசலைக் குறைக்கும். முதல் மாதத்தில் 20 இலட்சத்துக்கு முக்கால் விழுக்காடு வட்டி, அதாவது 15,000 ரூபாய். ஆகவே 17,995 ரூபாயில் அசலுக்குச் சேர்வது 2,995 ரூபாய் மட்டுமே. முதலாண்டு முழுவதும் அக்குடும்பம் 2,16,000 ரூபாய்க்குச் சற்றுக் குறைவாகக் கட்டியிருக்கும்; கடனில் குறைந்திருப்பதோ 37,500 ரூபாய் அளவே.

அசல் குறையக் குறைய வட்டியும் குறையும். தவணையில் அசலின் பங்கு மெல்ல வளரும். அந்த வளர்ச்சி எவ்வளவு மெதுவானது என்பதைப் பலர் எண்ணிப் பார்ப்பதில்லை. பத்து ஆண்டுகள் ஒரு தவணையும் தவறாமல் கட்டிய பிறகும் 14 இலட்சத்து 20 ஆயிரம் ரூபாய் கடன் நிற்கும். அசலில் பாதி அடைவதற்கு ஏறத்தாழ 14 ஆண்டுகள் ஆகும். நானும் வீட்டுக்கடன் கட்டியவன்தான். பாதிக் காலம் கடந்தபின் கணக்கு அறிக்கையை வாங்கிப் பார்த்து, அச்சுப்பிழை என்றே முதலில் நினைத்தேன். பிழை ஏதுமில்லை, என் எதிர்பார்ப்பே பிழையானது.

இதனால் வங்கி ஏமாற்றுகிறது என்று முடிவு செய்துவிடக் கூடாது. நிற்கும் அசலுக்கு வட்டி கணக்கிடுவது நேர்மையான முறையே. அதே 9 விழுக்காட்டைத் தொடக்க அசலுக்கே 20 ஆண்டுகளுக்கும் கணக்கிட்டால் வட்டி 36 இலட்சமாகும். 'ஒரே சீரான வட்டி' என்று சிலர் சொல்லும்போது, எந்த அசலுக்கு என்று கேட்பது அதனால்தான் தேவையாகிறது. இங்கே செலவைப் பெருக்குவது காலம்.

அதே 20 இலட்சத்தை 15 ஆண்டுகளில் அடைத்தால் தவணை 20,285 ரூபாய். மொத்த வட்டி 16½ இலட்சம். 30 ஆண்டுகளாக்கினால் தவணை 16,092 ரூபாய். வட்டி ஏறத்தாழ 38 இலட்சம். இருபதிலிருந்து முப்பது ஆண்டுகளுக்குச் செல்லும் குடும்பத்துக்கு மாதம் 1,900 ரூபாய் மிச்சமாகிறது. அதற்கு ஈடாக அது கூடுதலாகத் தரும் வட்டி 14 இலட்சத்துக்கும் மேல். 'எளிய தவணை' என்னும் சொற்றொடரை விளம்பரங்களில் காணும்போது இந்தக் கணக்கை நினைவிற்கொள்ளலாம்.

மாறும் வட்டி

மேலே கண்டவை யாவும் வட்டி மாறாது என்னும் அடிப்படையில் அமைந்தவை. நடைமுறையில் இன்றைய வீட்டுக்கடன்களுள் மிகப் பெரும்பாலானவை மாறும் வட்டியுடையவை. 2019 அக்டோபர் முதல் நாளிலிருந்து வங்கிகள் புதிதாக வழங்கும் மாறும் வட்டி வீட்டுக்கடன்களை ரெப்போ விகிதம் போன்ற புற அளவுகோல் ஒன்றுடன் இணைக்க வேண்டும் என்று இந்திய ரிசர்வ் வங்கி விதித்தது. வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி குறுகிய காலக் கடன் தரும் வட்டியே ரெப்போ விகிதம். அது 2020 மே மாதத்தில் 4 விழுக்காடாகக் குறைந்தது. 2022 மே முதல் உயரத் தொடங்கி 2023 பிப்ரவரியில் 6.5 விழுக்காட்டை எட்டியது. 2025இல் மீண்டும் படிப்படியாகக் குறைக்கப்பட்டது.

இரண்டரை விழுக்காடு என்பது காதுக்குச் சிறியது. 7 விழுக்காட்டில் 20 ஆண்டுகளுக்கு 20 இலட்சம் வாங்கியவரின் தவணை 15,506 ரூபாய். இரண்டு ஆண்டுகள் கட்டியபின் அவர் கடன் ஏறத்தாழ 19 இலட்சமாக இருக்கும். அப்போது வட்டி 9.5 விழுக்காடானால், மாத வட்டி மட்டும் 15,053 ரூபாய். தவணையை மாற்றாமல் விட்டால் அசலுக்குச் செல்வது 453 ரூபாய். எஞ்சியிருந்த 18 ஆண்டுகள் 37 ஆண்டுகளாக நீளும்! காலத்தை நீட்டாமல் முடிக்க வேண்டுமாயின் தவணை 18,404 ரூபாயாக உயர வேண்டும். தவணை மாறவில்லை என்று நிம்மதியடைந்த பலருக்குக் காலம் நீண்டிருந்தது தெரியவில்லை. வட்டி மாற்றத்தின் விளைவைக் கடனாளிக்குத் தெரிவித்து, தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் ஓரளவு செய்வதா என்று தேர்ந்தெடுக்கும் வாய்ப்பை அவருக்கு அளிக்க வேண்டும் என 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஆணையிட்டது இதனை ஒட்டியே.

வேலை நிற்கும்போது

திருப்பூர்ப் பகுதிக்கு இக்கணக்கில் ஒரு தனிப்பக்கம் உண்டு. இத்தொழிலில் சனிக்கிழமை கூலி பெறும் வழக்கம் நெடுங்காலமாக இருந்துவருகிறது. வருமானம் ஆர்டரைப் பொறுத்தது. ஆர்டர் மிகுந்த காலத்தில் ஒன்றரை ஷிப்டு வேலை. குறைந்த காலத்தில் வாரத்துக்குச் சில நாள். தவணையோ மாதந்தோறும் ஒரே நாளில், ஒரே அளவில் வந்து நிற்கும்.

2011 ஜனவரியில், நொய்யல் ஆற்றைக் கழிவுநீரிலிருந்து காக்கும் ஆணைகளை நிறைவேற்றாத சாயப்பட்டறைகளை மூடுமாறு சென்னை உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. பல நூறு பட்டறைகள் மூடப்பட்டன. சாயமின்றித் துணியில்லை என்பதால் தொழில் முழுவதும் தடுமாறியது. ஆற்றுக்கு அந்த உத்தரவு தேவையாக இருந்தது. தொழிலாளிக்கோ அன்றாட வேலை போயிற்று. 2025 ஆகஸ்டு இறுதியில் அமெரிக்கா இந்தியப் பொருள்கள்மீது விதித்த கூடுதல் இறக்குமதி வரியை 50 விழுக்காடாக உயர்த்தியபோதும் பின்னலாடை ஏற்றுமதி நெருக்கடிக்குள்ளாயிற்று. எங்கோ எடுக்கப்படும் முடிவு அருள்புரத்து அடுப்படிவரை வந்துசேரும் தொழில் இது.

பெருந்தொற்றுக் காலத்தில், 2020 மார்ச் முதல் ஆகஸ்டு வரை தவணைகளைத் தள்ளிவைக்க ரிசர்வ் வங்கி இடமளித்தது. பலர் அதனைத் தள்ளுபடி என்று புரிந்துகொண்டனர். தள்ளிவைக்கப்பட்டது தவணைதான், வட்டி ஓடிக்கொண்டிருந்தது. வட்டிக்கு வட்டி பின்னர் விலக்கப்பட்டது உண்மை. அடிப்படை வட்டி விலக்கப்படவில்லை. நம் எடுத்துக்காட்டுக் குடும்பம் முதலாண்டு முடிவில் ஆறு மாதம் தவணையை நிறுத்தியதாகக் கொள்வோம். வட்டிக்கு வட்டி இல்லையென்றே வைத்தாலும், 88,000 ரூபாய்க்கு மேல் அசலோடு சேரும். பழைய தவணையையே தொடர்ந்தால், கட்ட வேண்டியவற்றின் எண்ணிக்கை 228இலிருந்து 258ஆக உயரும். ஆறு மாத ஓய்வின் விலை, முப்பது கூடுதல் தவணைகள். சோற்றுக்கே வழியில்லாதபோது அந்த ஓய்வை ஏற்காமல் இருக்க முடியாது. ஏற்றவர்கள் வேலை திரும்பியதும் தவணையைச் சிறிது உயர்த்திக் கட்டியிருந்தால் இழப்பின் பெரும்பகுதியைத் தவிர்த்திருக்கலாம்.

தவணை 90 நாள்களுக்குமேல் நிலுவையானால் அது வாராக்கடனாக வகைப்படுத்தப்படும். அதன்பின் 2002ஆம் ஆண்டின் சர்பாசி சட்டத்தின்படி 60 நாள் கெடு அளித்து அறிவிப்பு அனுப்பவும், அதற்குப் பின்னும் அடைக்காவிடில் வீட்டைக் கைப்பற்றவும் கடன் வழங்கியவருக்கு உரிமையுண்டு. ஆறு மாதத் தவணைக்குரிய தொகையைத் தனியே வைத்துக்கொள்ளாமல் கடனில் இறங்குவது இப்பகுதிக் குடும்பங்களுக்கு ஏற்றதன்று என்பது என் கருத்து. முன்பணம் குறைந்தாலும், வீடு ஓர் அறை சிறுத்தாலும் அந்தக் கையிருப்பு இருக்க வேண்டும்.

தீபாவளி போனசு

காலம் கடனாளிக்கு எதிராக வேலை செய்வது போலவே அவருக்காகவும் வேலை செய்யும். தீபாவளிக்குக் கிடைத்த போனசையும் சீட்டுப் பணத்தையும் சேர்த்து, முதலாண்டு முடிவில் அக்குடும்பம் 50,000 ரூபாயை அசலில் கட்டுவதாகக் கொள்க. கடைசியில் பதினான்கரைத் தவணைகள் குறையும். வட்டியில் மிச்சம் 2 இலட்சத்து 11 ஆயிரம் ரூபாய். அதே 50,000 ரூபாயைப் பதினைந்தாம் ஆண்டு முடிவில் கட்டினால் குறைவது நான்கு தவணைகளுக்குச் சற்றுமேல். மிச்சம் 27,000 ரூபாய். பெருந்தொகை வேண்டும் என்பதுகூட இல்லை. தொடக்கத்திலிருந்தே தவணையை 17,995க்குப் பதிலாக 20,000 ரூபாயாகக் கட்டினால் கடன் பதினைந்தரை ஆண்டுகளில் முடியும். 6 இலட்சம் ரூபாய் மிஞ்சும்.

மாறும் வட்டியில் தனிநபர் வாங்கும் வீட்டுக்கடனை முன்கூட்டி அடைப்பதற்கு வங்கிகள் தண்டக்கட்டணம் வாங்கக் கூடாது என்னும் விதி 2012 முதல் உள்ளது. கூடுதலாகக் கட்டும்போது 'தவணையைக் குறைக்க வேண்டாம். காலத்தைக் குறையுங்கள்' என்று எழுதிக் கொடுப்பது நன்று. வட்டி குறையும் காலத்திலும் இதே கோரிக்கையை வைக்கலாம்.

தெரிந்து தெளிவோம்

கடன் வழங்கும் நிறுவனம், வட்டியையும் கட்டணங்களையும் சேர்த்துக் கணக்கிட்ட ஆண்டுச் சதவீத விகிதத்தைக் குறிப்பிடும் முக்கிய விவர அறிக்கையைக் கடனாளிக்கு அளிக்க வேண்டும். 2024 அக்டோபர் முதல் நாளிலிருந்து புதிய சில்லறைக் கடன்களுக்கு இது கட்டாயம். கடனாளிக்குப் புரியும் மொழியில் அது இருக்க வேண்டும். தமிழில் கேட்டுப் பெறலாம்.

மற்றச் செலவுகளும் மறுபக்கமும்

தமிழ்நாட்டில் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத்தீர்வை 7 விழுக்காடு, பதிவுக் கட்டணம் 2 விழுக்காடு. கடனுக்கான பரிசீலனைக் கட்டணம், வழக்கறிஞர் கட்டணம், சொத்துவரி, பழுதுபார்ப்பு ஆகியவை வேறு. காப்பீட்டைக் கவனிக்க வேண்டும்: கடனோடு சேர்த்தே 80,000 ரூபாய் பிரீமியம் எழுதப்பட்டால், 9 விழுக்காட்டில் 20 ஆண்டு முடிவில் அதற்காக நாம் கட்டியிருப்பது 1,72,000 ரூபாய்க்கும் மேல். காப்பீடு வேண்டியதே, அதைக் கடனில் சேர்ப்பதுதான் வேண்டாதது.

மொத்தமாகக் கட்டும் 43 இலட்சத்தை மட்டும் பார்த்து அஞ்சுவதும் சரியன்று. விலைவாசி ஆண்டுக்கு 5 விழுக்காடு உயர்ந்தால், இருபது ஆண்டுகளுக்குப் பின் ஒரு ரூபாய்க்கு இன்றைய 38 காசின் மதிப்பே இருக்கும். கூலி உயர, நிலையான தவணையின் சுமை குறையும். வாடகையோ உயர்ந்துகொண்டே செல்லும். பிள்ளைகளின் பள்ளியை நடுவில் மாற்ற வேண்டிய இடர்ப்பாடும் அதில் உண்டு. எனவே வாடகையையும் தவணையையும் ஒப்பிடுவோர் இரண்டையும் இருபது ஆண்டுக்கும் எழுதிப் பார்க்க வேண்டும். இன்றைய வாடகையோடு இன்றைய தவணையை ஒப்பிடுவது பாதிக் கணக்கே.

கடைசித் தவணைக்குப் பின்

கடன் அடைந்த பின்னும் ஒரு வேலை எஞ்சும். அடமானமாக வைத்த மூலப் பத்திரங்களை 30 நாள்களுக்குள் திருப்பித் தர வேண்டும்; கடன் வழங்கியவரால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு தர வேண்டும் என்னும் விதி 2023 டிசம்பர் முதல் நடைமுறையில் உள்ளது. பத்திரங்களை எண்ணிச் சரிபார்த்து வாங்கியபின், சார்பதிவாளர் அலுவலகத்தில் அடமானம் தீர்ந்ததற்கான ரசீது ஆவணத்தைப் பதிவு செய்ய வேண்டும். பிறகு புதிய வில்லங்கச் சான்று எடுத்து, அந்தப் பதிவு அதில் ஏறியிருக்கிறதா என்று பார்த்துக்கொள்ள வேண்டும்.