அக்ரிலிக் நகம்: ஒட்டுவதற்கு முன் கழற்றுவதை யோசிப்போம்

அண்மையில் நாம் போயிருந்த ஒரு நிக்காஹ் வீட்டில் மஃக்ரிப் பாங்கு சொல்லி நெடுநேரம் ஆகியும் மணப்பெண் தொழ எழுந்திருக்கவில்லை. "நகம் ஒட்டியிருக்கு சாச்சி, உளூ செய்ய முடியாது" என்றாள், மிக மெதுவாக. "அதைக் கழற்றிப் போட்டுட்டு வாம்மா" என்றார் சாச்சி. கழற்ற முடியாது என்பதே அவருக்குத் தெரியாது. அழகு நிலையத்துக்குத் திரும்பப் போக வேண்டும், பத்து விரலுக்கும் அரை மணி நேரமாவது ஆகும், பிய்த்து எடுத்தால் சொந்த நகமும் சேர்ந்து உரிந்து வரும்.

சுற்றியிருந்தவர்கள் அந்தப் பெண்ணைக் கடிந்துகொண்டார்கள். நமக்கு அவள்மீது கோபம் வரவில்லை. மணப்பெண் அலங்காரத்துக்கான மொத்தத் தொகையில் இதுவும் ஒன்று என்று ஒட்டிவிட்டிருக்கிறார்கள். இது என்ன பொருள், எப்படி வெளியே வரும் என்று யாரும் அவளிடம் சொல்லவில்லை. நம் வீட்டுப் பெண்பிள்ளைகளுக்கு அதைச் சொல்லத்தான் இந்தக் கட்டுரை.

அக்ரிலிக் நகம் என்பது ஒரு திரவமும் ஒரு பொடியும் சேர்ந்தது. பிரஷ்ஷைத் திரவத்தில் தோய்த்துப் பொடியில் தொட்டால் சிறு உருண்டை வரும். அதை நகத்தின்மேல் பரப்பினால் காற்றிலேயே சில நிமிடங்களில் இறுகிக் கெட்டி பிளாஸ்டிக்காகிவிடும். செயற்கைப் பல்செட் செய்யும் பொருளும் இதே குடும்பம்தான். ஆரம்ப காலத்தில் அந்தத் திரவத்தில் மெத்தில் மெத்தாக்ரிலேட், சுருக்கமாக எம்.எம்.ஏ., இருந்தது. நகம் சிதைகிறது, தோல் புண்ணாகிறது என்று அமெரிக்க உணவு மற்றும் மருந்து நிர்வாகத்துக்குப் புகார்கள் குவிந்தன. முழுக்க எம்.எம்.ஏ. கொண்டு செய்த நகப் பொருட்களை 1974ல் அந்நிர்வாகம் நீதிமன்றம் வழியாகத் தடுத்தது. இன்று தரமான நிறுவனங்கள் எத்தில் மெத்தாக்ரிலேட் பயன்படுத்துகின்றன. ஆனால் எம்.எம்.ஏ. மலிவானது என்பதால் பெயர் ஒட்டாத பாட்டில்களில் இன்னும் புழங்குகிறது. மூக்கைத் துளைக்கும் நெடி, அராவினாலும் தேயாத கடினம், அசிட்டோனில் ஊறவைத்தாலும் இளகாத பிடிவாதம் ஆகியவை அதன் அடையாளங்கள்.

அக்ரிலிக் பிடிக்க வேண்டுமென்றால் இயற்கை நகத்தின் பளபளப்பை முதலில் அராவி எடுக்க வேண்டும். சில இடங்களில் மின்சார டிரில் வைத்தே தேய்க்கிறார்கள். நகம் மெலிவது அங்கேயே தொடங்கிவிடுகிறது. பிறகு ஓரம் சற்றுத் தூக்கிக்கொண்டால் உள்ளே ஈரம் தங்கும், கிருமி வளரும். நகம் பச்சையாக மாறுவது அதனால்தான். அது கறையல்ல, கிருமித்தொற்று.

இவை எல்லாவற்றையும்விட நம்மை யோசிக்க வைப்பது ஒவ்வாமை. முழுமையாக இறுகாத அக்ரிலேட் தோலில் திரும்பத் திரும்பப் படும்போது சிலருக்கு அலர்ஜி உண்டாகிறது. விரல் நுனி சிவந்து வெடிக்கும், நகம் தளர்ந்து கழன்று வரும். கை படும் இடமெல்லாம், குறிப்பாகக் கண் இமையும் கன்னமும் கழுத்தும், அரிக்கும். கண்ணில்தானே கோளாறு என்று மை, கிரீம் என ஒவ்வொன்றாக மாற்றிக்கொண்டிருப்பார்கள். காரணம் விரலில் இருக்கும். பிரிட்டனின் தோல் மருத்துவர் சங்கம் 2018ல் இதைப்பற்றிப் பொதுமக்களுக்கு எச்சரிக்கை விடுத்தது, வீட்டில் தாமே போட்டுக்கொள்ளும் பெட்டிகளைப் பற்றி முக்கியமாக.

இந்த அலர்ஜி ஒருமுறை வந்தால் பொதுவாக ஆயுள் முழுக்க இருக்கும். பல் அடைக்கும் பசையிலும், மூட்டு மாற்று அறுவை சிகிச்சையில் பயன்படும் எலும்பு சிமெண்டிலும், சர்க்கரை அளவு பார்க்கக் கையில் ஒட்டும் சென்சாரிலும் இதே குடும்பத்துப் பொருட்கள் இருக்கின்றன. சர்க்கரை நோயும் மூட்டுவலியும் இல்லாத வீடு நம்மில் அரிது. இருபது வயதில் நகத்துக்காக வாங்கிக்கொண்ட அலர்ஜி, அறுபது வயதில் சிகிச்சைக்குக் குறுக்கே வந்து நிற்கலாம்.

வீட்டிலேயே பார்லர் நடத்தும் சகோதரிகளுக்கு ஆபத்து இன்னும் அதிகம். வாடிக்கையாளருக்கு மாதம் ஒரு மணி நேரம் என்றால் அவர்களுக்கு நாள் முழுக்க இந்த ஆவிதான். மெல்லிய நைட்ரைல் கையுறையையும் இந்தத் திரவம் சில நிமிடங்களில் ஊடுருவிவிடும். எனவே கையில் பட்டால் உடனே கையுறையை மாற்ற வேண்டும். ஜன்னல் இல்லாத அறையில் இந்த வேலையே கூடாது. நோயாளிகளைத் தொட்டுப் பராமரிக்கும் செவிலியரும் மருத்துவரும் செயற்கை நகம் வைக்கக்கூடாது என்பது உலக சுகாதார நிறுவனத்தின் கைச்சுத்த வழிகாட்டுதலிலேயே உள்ளது.

இனி இபாதத் பக்கம் வருவோம். முகத்தையும் முழங்கை வரை கைகளையும் கழுவச் சொல்லும் கட்டளை அல்மாயிதா அத்தியாயத்தின் 6ஆம் வசனத்தில் இருக்கிறது. நகம் கையின் ஒரு பகுதி. காலில் ஒரு நக அளவு இடம் நனையாமல் விட்ட மனிதரைப் பார்த்து, திரும்பிப் போய் ஒழுங்காக உளூ செய்யும்படி நபி (ஸல்) அவர்கள் சொன்ன செய்தி ஸஹீஹ் முஸ்லிமில் பதிவாகியிருக்கிறது. அக்ரிலிக் மறைப்பதோ பத்து விரல் நகங்களை. காயக்கட்டின்மேல் ஈரக்கையால் தடவும் சலுகை தேவைக்காகத் தரப்பட்டது, அழகுக்காக ஒட்டியதற்கு அது பொருந்தாது என்பதே ஆலிம்கள் பொதுவாகச் சொல்வது. உளூவுடன் ஒட்டினால் அந்த உளூ முறியும்வரை தொழலாம். கல்யாண நாளில் அது எத்தனை மணி நேரம் தாங்கும் என்று சொல்லத் தேவையில்லை. கடமையான குளிப்புக்கும் இதே சிக்கல்தான். நீட்டு நகம் ஒட்டுவது கூடுமா என்பதே தனிக் கேள்வி. அதை உங்கள் பள்ளி இமாமிடம் கேட்டுக்கொள்வது நல்லது.

ஆக உடலுக்கும் தொழுகைக்கும் ஒரே கேள்விதான்: கழற்ற எவ்வளவு நேரம், என்ன ரசாயனம்? மாற்று என்று கடையில் காட்டும் எதையும் இந்தக் கேள்வியை வைத்தே பார்க்கலாம்.

"அக்ரிலிக் வேண்டாமா, ஜெல் போடுங்கள், மென்மையானது" என்பார்கள். நெடி குறைவு என்பது உண்மை. ஆனால் ஜெல்லும் அக்ரிலேட் குடும்பமே. அதிலுள்ள ஹெமா என்ற பொருள் அதிக அலர்ஜி தருவது என்பதால், அது கலந்த நகப்பூச்சுகளைத் தொழில்முறையாளர் மட்டுமே பயன்படுத்தலாம் என்று ஐரோப்பிய ஒன்றியம் 2021ல் கட்டுப்படுத்தியது. ஜெல்லை விளக்கில் இறுகச் செய்யும் டி.பி.ஓ. என்ற பொருளுக்கு அங்கே 2025 செப்டம்பர் முதல் தடையே வந்துவிட்டது. ஜெல் போடுவதாக இருந்தால் டப்பாவின் பின்பக்கத்தைப் படியுங்கள், கையை விளக்கில் நீட்டுமுன் சன்ஸ்கிரீன் தடவுங்கள். பொடியில் விரலை முக்கும் டிப் முறைக்கு விளக்கு வேண்டாம், ஆனால் கழற்ற மறுபடி அசிட்டோன் ஊறல்தான். பலரும் ஒரே டப்பாவில் விரல் விடுவது வேறு. கழற்றும் விஷயத்தில் இரண்டும் தேறவில்லை.

ஒரு நாள் விசேஷத்துக்கு நீண்ட நகம் வேண்டும் என்று பிள்ளை பிடிவாதம் பிடித்தால், பசைத்தாள் வைத்து ஒட்டும் ரெடிமேட் நகம் பரவாயில்லை. பிரஸ்-ஆன் என்று கேட்டால் கிடைக்கும். கூடவே வரும் குட்டிக் குழாய்ப் பசையை விட்டுவிட்டு, ஜெல்லி போன்ற இருபக்க ஒட்டுத்தாளை மட்டும் பயன்படுத்துங்கள். நகத்தை அராவ வேண்டியதில்லை. ஒரு நாள் தாங்கும். வெதுவெதுப்பான சோப்புத் தண்ணீரில் ஐந்து, பத்து நிமிடம் கை வைத்து, ஓரத்தில் ஒரு சொட்டு எண்ணெய் விட்டுப் பக்கவாட்டில் மெல்ல நெம்பினால் வந்துவிடும். நிக்காஹ் முடிந்து புகைப்படம் எடுத்ததும் கழற்றிவிட்டு உளூ செய்யலாம், வலிமாவுக்குப் புதுத் தாள் வைத்து அதையே ஒட்டலாம். அந்தக் குழாய்ப் பசையைப் பற்றி ஓர் எச்சரிக்கை: அது பருத்தித் துணியில் கொட்டினால் சட்டென்று சூடேறித் தோலைச் சுட்டுவிடும். பிள்ளைகள் எட்டும் இடத்தில் வைக்காதீர்கள்.

சாதாரண நெயில் பாலிஷைத் தொழுகை இல்லாத மாதவிடாய் நாட்களில் போட்டு, குளிப்புக்கு முன் துடைத்துவிடும் வழக்கம் நம் பெண்களிடம் ஏற்கெனவே இருக்கிறது. அது எளிது. 'ஹலால் நெயில் பாலிஷ்', 'சுவாசிக்கும் பாலிஷ்' என்று விற்பவற்றில் மட்டும் கவனம் வேண்டும். நீராவி மெல்லக் கசிவது வேறு, உளூவின் சில நொடிகளில் தண்ணீர் நகத்தைத் தொடுவது வேறு. டிஷ்யூ தாளில் பூசி ஒரு சொட்டு விட்டுக் காட்டும் வீடியோக்கள் இந்த வேறுபாட்டை மறைத்துவிடுகின்றன. எத்தனை பூச்சு, எவ்வளவு தடிமன் என்பதைப் பொறுத்தும் விடை மாறும். ஆலிம்களும் இதில் ஒரே கருத்தில் இல்லை.

நம்மிடம் காலங்காலமாக இருப்பது மருதாணி. தென்மாவட்டங்களில் அழவணம், இலங்கையில் மருதோன்றி. அதன் சாயம் நகத்துக்குள் ஊறி நிறமாகிறது, மேலே ஏடாகப் படிவதில்லை. காய்ந்த விழுதை உதிர்த்துக் கழுவிவிட்டால் தண்ணீருக்குத் தடையில்லை, கழற்றும் வேலையே இல்லை. நகத்தில் பிடித்த சிவப்பு நகம் வளர வளர மேலே போய், வெட்டும்போது தானாகக் கழியும். ஆனால் இலை அரைத்ததோ, வெறும் மருதாணிப் பொடியோதான் இந்தப் பெயருக்கு உரியது. ஒரு மணி நேரத்தில் கருகரு என்று பிடிக்கும் 'கறுப்பு மருதாணி'யில் பெரும்பாலும் தலைச்சாயத்தில் வரும் பி.பி.டி. கலந்திருக்கும். கொப்புளம், தழும்பு, பிறகு தலைச்சாயம் போடவே முடியாத அலர்ஜி எல்லாம் இதனால் வருகின்றன. கைக்குழந்தைக்கு மருதாணி இடும் ஆசையையும் அடக்கிக்கொள்ளுங்கள். ஜி6பிடி என்ற நொதிக் குறைபாடுள்ள குழந்தைக்கு அசல் மருதாணியே இரத்தச் சிவப்பணுக்களை உடைத்துவிடக்கூடும்.

ஏற்கெனவே அக்ரிலிக் ஒட்டியிருப்பவர்கள் எந்த அவசரத்திலும் பிய்க்க வேண்டாம். நீளத்தை வெட்டிக் குறைத்து, மேற்பரப்பை மட்டும் அராவி, சுற்றியுள்ள தோலில் வாசலின் தடவுங்கள். அசிட்டோன் நனைத்த பஞ்சை நகத்தின்மேல் வைத்து அலுமினியத் தாளால் சுற்றி இருபது முதல் முப்பது நிமிடம் விடுங்கள். இளகியதை மரக்குச்சியால் தள்ளுங்கள், இளகாத இடத்துக்கு மறுபடி பஞ்சு வையுங்கள். அடுப்படியில் இதைச் செய்யக்கூடாது, அசிட்டோன் சட்டென்று தீப்பற்றும். நகம் பச்சையாகவோ, அடியிலிருந்து விலகியோ இருந்தால் தோல் மருத்துவரைப் பாருங்கள். மற்றபடி ஒட்ட வெட்டிவிட்டு இரவில் தேங்காய் எண்ணெய் தடவி வந்தால் போதும். கைநகம் மாதம் சுமார் 3 மில்லிமீட்டர் வளர்வதால், மெலிந்த நகம் முழுவதும் வெட்டுப்பட்டுப் போய்ப் புது நகம் நுனிக்கு வர ஏறத்தாழ ஆறு மாதம் ஆகும்.