பாலத்தின் கணக்கைக் கேளுங்கள்

யமுனையைக் கடந்து டெல்லியையும் நொய்டாவையும் இணைக்கும் டிஎன்டி பாலச் சாலை 2001-ல் திறக்கப்பட்டது. கட்டியது தனியார் நிறுவனம். போட்ட பணத்தை 30 ஆண்டுகள் சுங்கம் வசூலித்து எடுத்துக்கொள்ளலாம் என்பது ஒப்பந்தம். கேட்பதற்கு நியாயமாகத்தான் இருக்கிறது. வில்லங்கம் உள்ளே இருந்தது. முதலீட்டுக்கு ஆண்டுதோறும் 20 சதவீத வருவாய் உறுதி. அது கிடைக்காத ஆண்டில், விழுந்த துண்டு திட்டச் செலவோடு சேர்க்கப்படும். மறு ஆண்டு, அந்தப் பெருத்த தொகைக்கும் 20 சதவீதம். கெடு முடிந்தும் தீராவிட்டால், இரண்டிரண்டு ஆண்டுகளாக நீட்டிக்கலாம். கந்துவட்டிக்காரரின் நோட்டுப் புத்தகம் போலத்தான்: கட்டக் கட்ட பாக்கி ஏறிக்கொண்டே போகும்.

நொய்டா குடியிருப்போர் சங்கங்களின் கூட்டமைப்பு 2012-ல் அலகாபாத் உயர் நீதிமன்றத்துக்குப் போனது. 2016 அக்டோபர் 26 அன்று, தீபாவளிக்குச் சில நாள் முன்பு, வசூலை நிறுத்தச் சொல்லித் தீர்ப்பு வந்தது. நிறுவனம் மேல்முறையீடு செய்தது. 2024 டிசம்பர் 20 அன்று உச்ச நீதிமன்றமும் அந்தத் தீர்ப்பை உறுதி செய்தது. முறையான டெண்டர் இல்லாமல் ஒப்பந்தம் தரப்பட்டதையும், கட்டணம் வசூலிக்கும் அதிகாரத்தை நொய்டா ஆணையம் தனியாரிடம் ஒப்படைத்ததையும் நீதிமன்றம் ஏற்கவில்லை. எந்தச் சட்டத்தின் பேரில் யார் வசூலிக்கிறார்கள் என்று குடியிருப்போர் கேட்டதுதான் இந்த வழக்கின் உயிர்.

அதனால் எந்தப் பாலத்திலும் முதலில் தெரிந்துகொள்ள வேண்டியது, அது யாருடையது என்பது. தேசிய நெடுஞ்சாலையா, மாநில நெடுஞ்சாலையா, உள்ளாட்சியா? விதியும் புகார்ப் பெட்டியும் அதைப் பொறுத்தே மாறும்.

தேசிய நெடுஞ்சாலைப் பாலம் என்றால் 2008-ஆம் ஆண்டின் கட்டண விதிகள் பொருந்தும். இருசக்கர வண்டி, ஆட்டோ, டிராக்டர் ஆகியவற்றுக்குப் பொதுவாகக் கட்டணம் கிடையாது. 24 மணி நேரத்துக்குள் போய்த் திரும்பினால், போக வர ஒன்றரை மடங்குதான். சாவடியிலிருந்து 20 கிலோமீட்டருக்குள் குடியிருப்பவர் சொந்த காருக்கு மாதச் சீட்டு வாங்கலாம். 2025-26-ல் அதன் விலை 350 ரூபாய். பக்கத்திலேயே வீடு வைத்துக்கொண்டு, இது தெரியாமல் தினமும் முழுக் கட்டணம் கட்டுகிறவர்கள் பலர்.

பாலங்களுக்கென்றே ஒரு தனிக் கணக்கும் உண்டு. பாலம், சுரங்கப்பாதை, மேம்பாலம் ஆகியவற்றின் ஒரு கிலோமீட்டர், சாதாரணச் சாலையின் பத்து கிலோமீட்டராகக் கணக்கிடப்படும். 2025 ஜூலையில் இதில் ஒரு மாற்றம் வந்தது: அந்தப் பத்து மடங்குக் கணக்கு, மொத்த நீளத்தின் ஐந்து மடங்கு, இரண்டில் எது குறைவோ அதற்கே கட்டணம். ‘சுங்கம் பாதியாகிறது’ என்று செய்தி பரவியது. எல்லா இடத்திலும் இல்லை. பத்து கிலோமீட்டரில் எட்டு பாலமாக இருந்தால், கட்டணத்துக்கு எண்ணும் நீளம் 82 கிலோமீட்டர் என்பது 50 ஆகக் குறையும். இருபது கிலோமீட்டர் சாலையில் இரண்டு மட்டுமே பாலம் என்றால் பழைய 38 அப்படியேதான். வழியில் பெரும்பகுதி பாலமாக இருப்பவருக்கே இந்தச் சலுகை.

ஃபாஸ்டேக்கில் பணம் இருந்து, அட்டையும் செல்லுபடியாகி, சாவடியின் கருவி படிக்கவில்லை என்றால் கட்டணமின்றி விட வேண்டும். பூஜ்யத் தொகைக்கான ரசீதையும் தர வேண்டும். அங்கே நின்று ரொக்கம் கொடுத்துவிட்டு வந்தால், பிறகு வாதாடுவது கடினம். ஃபாஸ்டேக் இல்லாதவர் ரொக்கம் கட்டினால் இரட்டிப்பு. 2025 நவம்பர் 15 முதல் யுபிஐ வழியே கட்டினால் ஒன்றேகால் மடங்கு.

சாலை குண்டும் குழியுமாக இருந்தால்? திருச்சூர் அருகே பாலியேக்கரா சாவடியில், நெரிசலும் மோசமான சாலையும் காரணமாக 2025 ஆகஸ்ட்டில் கேரள உயர் நீதிமன்றம் வசூலை நிறுத்திவைத்தது. உச்ச நீதிமன்றம் அதில் தலையிட மறுத்தது. ஆனால் ஓட்டுநர் தானே தீர்மானித்துக் கட்டாமல் போக இந்தத் தீர்ப்பு உரிமை தரவில்லை. நீதிமன்றம் போக வழிகாட்டுகிறது, அவ்வளவே.

காசு ஒரு பக்கம். உயிர் மறுபக்கம்.

குஜராத்தின் மோர்பியில் மச்சூ ஆற்றின் தொங்கு பாலம் நகராட்சிக்குச் சொந்தமாக இருந்தது. பராமரிப்பும் நுழைவுச் சீட்டு விற்பனையும் கடிகாரம் செய்து பேர் வாங்கிய ஒரு நிறுவனத்திடம். பழுது பார்த்துத் திறந்த நான்காம் நாள், 2022 அக்டோபர் 30 அன்று அறுந்து விழுந்து 135 பேர் இறந்தார்கள். அன்று விற்ற சீட்டுகள் மூவாயிரத்துக்கும் மேல். ஒரு வடத்தின் 49 கம்பிகளில் 22 முன்பே துருப்பிடித்திருந்ததாக விசாரணைக் குழு சொன்னது. ஒரே நேரத்தில் எத்தனை பேர் ஏறலாம் என்று எண்ணி நிறுத்த ஆளில்லை.

திருச்சியில் வேறு கதை. திருவரங்கத்தையும் நெ.1 டோல்கேட்டையும் இணைத்த 1928-ஆம் ஆண்டுக் கொள்ளிடம் இரும்புப் பாலம், 2016-ல் புதுப் பாலம் வந்ததும் வண்டிகளுக்கு மூடப்பட்டது. அதன்பின் காலை நடைக்காரர்களின் இடமாயிற்று. 2018 ஆகஸ்ட் வெள்ளத்தில் தூணில் விரிசல் தெரிந்ததும் ஆட்களைத் தடுத்தார்கள். அடுத்த சில நாளில் தூண்கள் சரிந்தன. உயிர்ச்சேதம் இல்லை. தடுப்பு வைத்த போலீஸ்காரரிடம் ‘தினமும் நடக்கிற பாலம்தானே’ என்று சண்டை போடுபவர் இந்த இரண்டு பாலங்களையும் நினைத்துப் பார்க்கலாம். பாலத்தின் தன்மை கருதி வண்டிகளைத் தடுக்க மோட்டார் வாகனச் சட்டத்தின் 115-ஆம் பிரிவு அரசுக்கு அதிகாரம் தருகிறது. செல்ஃபிக்காக நடுப்பாலத்தில் காரை நிறுத்தி இடைஞ்சல் செய்வது 122-ஆம் பிரிவின்படி குற்றம். போலீசார் வண்டியை இழுத்துப் போகலாம். அளவுக்கு மிஞ்சிய பாரம் ஏற்றிய லாரிக்கு அபராதம் 20,000 ரூபாய், கூடுதல் டன் ஒவ்வொன்றுக்கும் 2,000.

சட்டம் எதிர்த்திசையிலும் பாய்கிறது. வடிவமைப்பிலோ பராமரிப்பிலோ தரம் தவறி அதனால் மரணமோ ஊனமோ நேர்ந்தால், பொறுப்பான அதிகாரிக்கும் ஒப்பந்தக்காரருக்கும் 198ஏ பிரிவில் ஒரு லட்சம் ரூபாய் வரை அபராதம். மோர்பியை நினைத்தால் இந்தத் தொகை அற்பம். இழப்பீடு தனி வழக்கு: அங்கே இறந்தவர் குடும்பத்துக்கு இடைக்கால உதவியாகப் பத்து லட்சம் தரும்படி உயர் நீதிமன்றம் நிறுவனத்துக்கு உத்தரவிட்டது.

விபத்துக்கு முன்பே கேட்பதற்குப் பத்து ரூபாய் போதும். தகவல் உரிமைச் சட்டத்தில் மூன்று கேள்விகள்: கடைசியாகப் பாலத்தைச் சோதித்த தேதி, சோதனை அறிக்கையின் நகல், தாங்கும் பாரத்தின் வரம்பு. சுங்கப் பாலமென்றால் இதுவரை வசூலான தொகையையும் சேர்த்துக்கொள்ளலாம். முப்பது நாளில் பதில் வர வேண்டும். உயிர் சம்பந்தப்பட்டதென்றால் 48 மணி நேரத்தில்.

தவறாகக் காசு பிடித்திருந்தால், தேசிய நெடுஞ்சாலை உதவி எண் 1033-க்கும் ஃபாஸ்டேக் கொடுத்த வங்கிக்கும் உடனே புகார் செய்து, புகார் எண்ணைக் குறித்துக்கொள்ள வேண்டும். முப்பது நாளில் வங்கி வழிக்கு வராவிட்டால் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளர் இருக்கிறார். மாவட்ட நுகர்வோர் ஆணையத்துக்கு இரண்டு ஆண்டுக்குள் போகலாம். கட்டிய தொகை ஐந்து லட்சத்துக்குள் என்றால் மனுவுக்குக் கட்டணமும் இல்லை.